கந்தப்பன் தேய்த்த கல்

கந்தப்பன் முப்பத்தொரு வருஷம் இரும்பைச் சுத்தம் பண்ணிச் சோறு தின்றவன். பாலக்காட்டுப் பக்கத்துக் கஞ்சிக்கோட்டில் பவுண்டரி வேலை என்றால் உருக்கி ஊற்றுகிறவனைத்தான் எல்லாரும் நினைப்பார்கள். ஊற்றுகிறவன் ஊற்றிவிட்டுப் போய்விடுவான். மண் அச்சை உடைத்து எடுக்கிற வார்ப்பு, ஈன்ற கன்றுக்குட்டி மாதிரி அழுக்கும் பிசிறுமாகத்தான் வெளியே வரும். ஒட்டிப்போன மண்ணைக் கொத்தி, ஓரத்துப் பிசிறைக் கை கிரைண்டரால் அரைத்து, வெள்ளை வெளேரென்று ஆக்கி அனுப்புவது கந்தப்பன் வேலை. ஒரு பொட்டு கறுப்பு மிச்சமிருந்தாலும் சூப்பர்வைசர் சாக்கட்டியால் வட்டம் போட்டுத் திருப்பி அனுப்பிவிடுவார். அதனால் இரும்பில் கறுப்பு என்றால் அவனுக்கு ஒரே அர்த்தம்தான். வேலை முடியவில்லை.

அந்தப் பவுண்டரி போன வருஷம் கதவைச் சாத்தியது. பதினோரு மாசமாக அவன் பொண்டாட்டி செல்லாத்தாளின் கடையில் எடுபிடி. சர்வீஸ் ரோட்டில், கம்பெனிக் கேட்டுகளுக்கு எதிரே, தகரக் கூரை போட்ட ஒற்றை அறை. காலை ஷிப்டுக்குப் போகிறவர்களும் ராத்திரி ஷிப்டு முடிந்து வருகிறவர்களும் அங்கே தோசை தின்பார்கள். இருபத்திரண்டு வருஷமாகச் செல்லாத்தாள்தான் சுடுகிறாள். கந்தப்பன் தண்ணீர் பிடிப்பான், வெங்காயம் உரிப்பான், மேஜை துடைப்பான். தோசைக்கல் பக்கம் மட்டும் அவனை அவள் விடமாட்டாள். ஒருநாள் அவள் வெளியே போயிருந்தபோது ஒரு தோசை ஊற்றிப் பார்த்தான். அது ஒட்டிக்கொண்டது. திரும்பி வந்தவள் கல்லை மோந்து பார்த்தே கண்டுபிடித்துவிட்டாள்.

ஆடிச் சாரல் பிடித்திருந்த ஒரு வியாழக்கிழமை, மாவு வாளியோடு கடைப் பின்கட்டில் வழுக்கி விழுந்தாள். வலது மணிக்கட்டில் இரண்டு இடத்தில் எலும்பு விட்டுப்போனது. பாலக்காட்டு ஆஸ்பத்திரியில், கொஞ்சம் மயக்கணும், மயக்கினால்தான் எலும்பைப் பிடித்து வைக்க முடியும் என்று நர்ஸ் மலையாளத்தில் சொன்னாள். கதவைச் சாத்தினார்கள். நாற்பது நிமிஷம் கந்தப்பன் அந்தக் கதவையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். பவுண்டரி கதவைச் சாத்தினபோதுகூட அவன் அப்படி உட்காரவில்லை. வெளியே தள்ளிக்கொண்டு வந்தபோது செல்லாத்தாள் பாதிக் கண் திறந்து, குழறின நாக்கோடு, "மாவு புளிச்சுப் போயிரும். யாருக்காவது குடுத்துருங்க" என்றாள். அதற்குப் பிறகுதான் அவனுக்கு மூச்சு வந்தது.

சர்க்கரை ஏறியிருந்ததால் மூன்று நாள் ஆஸ்பத்திரியில் வைத்துக்கொண்டார்கள். கட்டுப் பிரிக்க ஆறு வாரம் ஆகும் என்றார்கள்.

வெள்ளிக்கிழமை ரமேஷ்குமார் ஆரஞ்சு வாங்கிக்கொண்டு பார்க்க வந்தான். கடை அறை அவனுடையது. அப்பன் காலத்திலிருந்து இவர்களுக்கு வாடகைக்கு விட்டது. நல்ல பையன்தான், மரியாதையாகத்தான் பேசினான். பிரியாணிக்காரன் ஒருத்தன் அந்த அறையைக் கேட்டு இரண்டு மாசமாக நச்சரிக்கிறானாம். ஆறு வாரம் பூட்டிக் கிடந்தால் அவனுக்கு என்ன பதில் சொல்வது என்று கேட்டான். வருகிற திங்கள் விட்டு அடுத்த திங்கள் காலையில் அடுப்பு எரிந்தால் பிரியாணிக்காரனிடம் இல்லை என்று சொல்லிவிடுவான். எரியாவிட்டால், அக்கா தப்பாக எடுத்துக்கொள்ளக்கூடாது.

அவன் போன பிறகு செல்லாத்தாள் கட்டுப் போட்ட கையைப் பார்த்துக்கொண்டே, குடுத்துறலாம் என்றாள். அந்த அறை போனால் வேறு அறை கிடைக்காது. ரோட்டோரமெல்லாம் கோழிக் கடையும் மொபைல் கடையும் ஆகிவிட்டது. அவள் யாரோ ஒருவருடைய கேன்டீனில் தட்டுக் கழுவப் போகவேண்டும். அவன் யாரோ ஒருவருடைய கேட்டில் விசில் மாட்டிக்கொண்டு பிளாஸ்டிக் நாற்காலியில் உட்காரவேண்டும். அவனோடு வேலை செய்த ஏழெட்டுப் பேர் இப்போது அப்படித்தான் உட்கார்ந்திருக்கிறார்கள்.

"நான் சுடறேன்" என்றான்.

பக்கத்துக் கட்டில்காரி திரும்பிப் பார்த்தாள்.

"நீங்க சுட்டா அது தோசையா வராதுங்க" என்றாள் செல்லாத்தாள். "பிசிறாத்தான் வரும்."

"பத்து நாள் இருக்குதல்ல. பழகிக்கறேன்."

அவள் கண்ணை மூடிக்கொண்டாள். அதைச் சரி என்றே அவன் எடுத்துக்கொண்டான்.

சனிக்கிழமை, மகள் செல்வப்பிரியா பொள்ளாச்சியிலிருந்து வந்து ஆஸ்பத்திரியில் உட்கார்ந்துகொள்ள, கந்தப்பன் கடையைத் திறந்தான். எந்த வேலையானாலும் முதலில் சாமானைச் சுத்தம் பண்ணு என்பது அவன் கற்ற பாடம். அடுப்பிலிருந்து கல்லை இறக்கினான். இரண்டடி அகலம், வட்டம், வார்ப்பிரும்பு, இருபது கிலோவுக்குக் குறையாது. மேலே கறுகறுவென்று கண்ணாடி மாதிரி இருந்தது. ஓரத்திலும் அடியிலும் நகக்கனத்துக்குக் கரி அப்பி, உடும்புத் தோல் மாதிரி வெடித்திருந்தது. இதில் சுட்டதையா இத்தனை நாள் ஊரே தின்றது என்று அவனுக்கு நிஜமாகவே கூச்சமாகிவிட்டது.

பவுண்டரியிலிருந்து வரும்போது கேட்டு வாங்கிவந்த பழைய கை கிரைண்டர் வீட்டில் இருந்தது. எடுத்துவந்து கம்பிச் சக்கரத்தை மாட்டினான். அப்புறம் அரைக்கிற வில்லையை மாட்டினான். மூன்று மணி நேரம். கரி பறந்தது, பொறி பறந்தது, உள்ளேயிருந்து சாம்பல் வெள்ளையாய் இரும்பு எட்டிப் பார்த்தது. பதினோரு மாசம் கழித்து அவன் கை அதற்குத் தெரிந்த வேலையைச் செய்தது. தோள் வலித்த வலிகூடச் சொந்தக்காரன் மாதிரி இருந்தது. முடித்துவிட்டுப் பாத்திரம் கழுவுகிற பவுடரைப் போட்டு இரண்டு தரம் கழுவி, காற்றில் காயட்டும் என்று சுவரோரம் சாய்த்தான். குனிந்து பார்த்தால் மீசை தெரிந்தது.

போட்டோ எடுத்து மகளுக்கு அனுப்பினான். புதுசா வாங்குனீங்களாப்பா என்று கேட்டிருந்தாள். பழையதுதான் என்று பதில் போட்டான். ரொம்ப நேரம் கழித்து, அம்மாவுக்கு இதை நான் காட்டலை என்று மட்டும் வந்தது. அது ஏன் என்று அவனுக்குப் புரியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலையில் புரிந்தது. ராத்திரியெல்லாம் பாலக்காட்டுக் கணவாய்க் காற்றும் சாரலும் அடித்ததில் கல் முழுக்கச் செம்மண் பூசின மாதிரி துரு. தேய்த்துவிட்டு, அடுப்பில் ஏற்றி, எண்ணெய் ஊற்றி, பாக்கெட் மாவு வாங்கி ஒரு தோசை விட்டான். அது இரும்போடு இரும்பாகப் பிடித்துக்கொண்டது. தோசைக்கரண்டி வளைந்ததே தவிர தோசை வரவில்லை. உளி வைத்துத்தான் எடுத்தான்.

கல்லைத் தோளில் தூக்கிக்கொண்டு பக்கத்துப் பஞ்சர் கடைக்குப் போனான். கடைக்காரன் ஜோஜோ உடும்பஞ்சோலைப் பக்கம் ஏலத் தோட்டத்தில் பிறந்தவன். பாதித் தமிழும் பாதி மலையாளமுமாகப் பேசுவான். அவன் பெண்சாதி அப்பம் சுடுவதில் கெட்டிக்காரி என்று செல்லாத்தாளே சொல்லியிருக்கிறாள்.

ஜோஜோ கல்லைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். டயரில் ஆணி தேடுகிற மாதிரி விரலால் தடவினான்.

"அண்ணே, ஒரு சந்தேகம். அக்காகூட உங்களுக்கு எதுவும் சண்டையா?"

"சுத்தம்தான் பண்ணுனேன்" என்றான் கந்தப்பன்.

"இருபது வருஷத் தோலை உரிச்சிட்டீங்களே. இது இனி பச்சை இரும்பு. முதல்லேர்ந்து மயக்கணும்."

அந்த வார்த்தை காதில் விழுந்ததும் ஆஸ்பத்திரிக் கதவு ஞாபகம் வந்தது. இரும்பை எப்படிடா மயக்குவது என்று கேட்டான். மலையாளத்தில் அப்படித்தான் சொல்வார்கள் என்றான் ஜோஜோ. புதுச் சட்டி வாங்கினால் கஞ்சித் தண்ணீர் ஊற்றி வைத்து, எண்ணெய் தடவிச் சுட்டு, தேங்காய்த் துருவலைப் போட்டுக் கறுக வறுத்து, அது சொன்னபடி கேட்கிற வரைக்கும் செய்வதற்குப் பெயர் மயக்குவது. எத்தனை நாள் ஆகும் என்று கேட்டதற்கு, சட்டியைப் பொறுத்தது, அவன் வீட்டில் ஒரு சட்டி ஒரு மாசம் முரண்டு பிடித்தது என்றான்.

கந்தப்பன் விரல் விட்டு எண்ணினான். எட்டு நாள்.

மத்தியானம் செல்லாத்தாள் ஆட்டோவில் வந்தாள். வீட்டுக்குப் போகாமல் கடை வாசலிலேயே நிறுத்தச் சொன்னாள். கல்லைச் சாக்குப் போட்டு மூடலாமா என்று அவன் நினைத்தான். மூடி என்ன ஆகப்போகிறது, அப்படியே விட்டுவிட்டான். அவள் உள்ளே வந்து நின்றாள். இடது கை விரலைக் கல்லில் வைத்து ஒரு இழு இழுத்தாள். விரலில் துரு ஒட்டியது.

"கிரைண்டருங்களா?"

"ஆமா."

"சோப்பு?"

"ஆமா. ரெண்டு தரம்."

அவள் ஸ்டூலில் உட்கார்ந்தாள். கத்துவாள் என்று எதிர்பார்த்தான், கத்தியிருந்தால் தேவலை. விரலைச் சேலையில் துடைத்துவிட்டு, "ரமேஷ்குமாருக்கு போன் போட்டுக் குடுங்க. அறையை எடுத்துக்கச் சொல்லிப்போடறேன்" என்றாள்.

கந்தப்பன் போனை எடுக்கவில்லை. எட்டு நாள் இருக்கிறது என்றான். எதற்கு எட்டு நாள் என்று கேட்டாள். ஜோஜோ சொன்னதையெல்லாம் சொன்னான். கஞ்சித் தண்ணீர், எண்ணெய், தேங்காய். மயக்கிவிடலாம் என்றான்.

செல்லாத்தாள் அவனை ஏற இறங்கப் பார்த்தாள். விழுந்த நாளிலிருந்து முதல் தடவையாக அவள் வாய் ஒரு பக்கம் கோணியது.

"மயக்கறதுக்கு அது என்ன பொம்பளைப் புள்ளைங்களா? மயக்குனது அரை நாள்ல தெளிஞ்சிரும்ங்க, என்னைப் பாத்தீங்கல்ல. கல்லைப் பழக்கோணும். மாட்டை ஏருக்குப் பழக்கற மாதிரி. அடிச்சாலும் ஆகாது, கொஞ்சுனாலும் ஆகாது. பழக்கிப்போட்டா அப்பறம் அது போகாது. புருசன் கிரைண்டர் வெச்சாத்தான் போகும்."

திட்டிவிட்டாள் என்றால் வேலை ஆரம்பித்துவிட்டது என்று அர்த்தம். சாயங்காலம் சோறு வடித்த கஞ்சியை அவன் கல்லில் ஊற்றி வைத்தான்.

திங்கட்கிழமை கஞ்சியைக் கொட்டிவிட்டுப் புளியும் கல் உப்பும் வைத்துத் தேய்த்தான். அவள் ஸ்டூலில் உட்கார்ந்துகொண்டு, வட்டமாத் தேய்க்காதீங்க, ஒரு பக்கமாத் தேய்ங்க, அது என்ன உங்க பவுண்டரிச் சாமானா என்று வார்த்தையால் அவன் கையைத் திருப்பினாள். கடைசியாக வெந்நீர். துடைத்த உடனே அடுப்பு. இரும்பைக் காற்றில் காயவைப்பது பச்சைப் பிள்ளையை மழையில் போடுவது மாதிரி என்றாள்.

அடுப்பைப் பெரிதாக வைத்தான். கல் சூடேறியது. எண்ணெய் இன்னும் போடவில்லை, வெறும் இரும்பு. கொஞ்ச நேரத்தில் அதன் முகத்தில் நிறம் ஏற ஆரம்பித்தது. முதலில் வைக்கோல் நிறம், பிறகு பழுப்பு, பிறகு கத்தரிப்பூ, அப்புறம் நீலம். சூடேறுகிற வெள்ளை இரும்பில் இந்த நிறமெல்லாம் வரும் என்று கந்தப்பனுக்குத் தெரியும். நிறத்தைப் பார்த்தே சூடு சொல்லுகிறவன் அவன். ஆனால் இங்கே நீலம் இடது பக்கம் மட்டும் பரவியது. வலது பக்கம், சுவரோரம், ஒரு கை அகலத்துக்கு வெள்ளையாகவே கிடந்தது.

"இங்க நெருப்பே போகலையே" என்றான்.

அது அப்படித்தான் என்றாள் செல்லாத்தாள். அது கல்லின் குணம். வாங்கி இரண்டு வருஷத்திலிருந்தே அந்த மூலை ஒட்டும். மூதேவி மூலை என்று பேர் வைத்து அந்தப் பக்கம் மாவே விடுவதில்லை. நாலு தோசை விடுகிற கல்லில் மூன்றுதான் விடுவாள்.

கந்தப்பன் கல்லை இறக்கிவிட்டுத் தரையில் படுத்து அடுப்புக்கு அடியில் பார்த்தான். அடுப்பின் ஒரு கால் நின்ற செங்கல் மண்ணில் இறங்கியிருந்தது. வலது பக்கத்துப் பர்னர் துளைகளில் பொங்கி வழிந்த மாவும் கரியும் இறுகிக் கல்லாகியிருந்தன. கம்பியை எடுத்து ஒவ்வொரு துளையாகக் குத்தினான். செங்கல்லுக்கு மேல் ஒரு பட்டைத் தகடு வைத்து அடுப்பை மட்டம் பார்த்தான். இரும்பு தப்புப் பண்ணாது, பண்ணுகிறவன் எங்கேயோ பக்கத்தில்தான் இருப்பான் என்று பவுண்டரியில் சொல்வார்கள். கல்லை ஏற்றி மறுபடி சூடாக்கினான். இந்தத் தடவை நடுவில் கிளம்பின நிறம் சுற்றிலும் ஒரே சீராக விரிந்து ஓரத்தைத் தொட்டது.

செல்லாத்தாள் ஸ்டூலை இழுத்துப் போட்டுக்கொண்டு கிட்டே வந்து பார்த்தாள். கறுத்த கல்லில் இதெல்லாம் தெரிய வழியில்லை.

"இருபது வருசமாக் கல்லைத் திட்டிப்போட்டேன்" என்றாள்.

எண்ணெயில் மறுபடி மண்ணைக் கவ்வினான். வார்ப்புக்கு அடிப்பூச்சு அடிக்கிற பழக்கத்தில் நல்லெண்ணெயைத் துணியில் நனைத்துக் கெட்டியாக ஒரு கோட்டு கொடுத்தான். சுட்டு ஆறினதும் கல் பலாப்பிசின் மாதிரி ஒட்டியது. ஈ ஒன்று உட்கார்ந்து, எழுந்திருக்க முடியாமல் செத்தது. அரை நாள் வேலை வீண். பிசினை எரித்து, உப்புப் போட்டுச் சுரண்டி எடுக்கவேண்டியதாயிற்று.

"பெயிண்டா அடிக்கறீங்க? வெச்ச எண்ணெயைத் துணி குடிக்கோணும். கல்லு மோந்து பாத்தாப் போதும்" என்றாள்.

அப்புறம் அதுதான் வேலை. எண்ணெய் தொட்டு வைப்பது, வைத்ததெல்லாம் போய்விட்டது என்று தோன்றுகிற வரைக்கும் துடைப்பது, புகை எழும்பி அடங்குகிற வரைக்கும் சுடுவது, ஆற விடுவது, மறுபடி வைப்பது. புதன்கிழமை ஆறு தரம். வியாழக்கிழமை எட்டுத் தரம். நடுவில் வெங்காயத்தைப் பாதியாக வெட்டிக் கத்தியில் குத்தித் தேய்த்தான். ஒரு கூடை வெங்காயம் கரியாகும் வரைக்கும் வதக்கிக் கொட்டினான். ஜோஜோ பெண்சாதி ஒரு தேங்காயைத் துருவிக் கொடுத்தனுப்பியிருந்தாள். எண்ணெயை வீணடிக்கிற வேலை அது என்று செல்லாத்தாள் உதட்டைச் சுழித்தாள். ஆனாலும் போட்டு வறுக்கச் சொன்னாள். வாசம் நல்லாத்தான் இருக்கு என்று ஒத்துக்கொண்டாள். சாம்பல் நிறம் போய், தேன் நிறம் வந்து, காப்பிக்கொட்டை நிறத்துக்கு வந்தது கல். கறுப்பு இன்னும் வரவில்லை.

வெள்ளிக்கிழமை, தோசை விடுகிற சூட்டைப் பார்க்கச் சொல்லிக் கொடுத்தாள். கல்லுக்கு மேலே நாலு விரற்கடை உயரத்தில் உள்ளங்கையைப் பிடிக்கவேண்டும். பொறுக்க முடியாமல் எடுக்கிற நேரம்தான் மாவு விடுகிற நேரம். கந்தப்பன் பிடித்தான். பிடித்துக்கொண்டே இருந்தான். மயிர் பொசுங்குகிற நாற்றம் வந்து அவள்தான் அவன் கையைத் தட்டிவிட்டாள்.

உள்ளங்கை சிவந்து கிடந்தது. சுடலைங்களா என்று கேட்டாள். கொஞ்சம் லேட்டாத்தான் தெரியும் என்றான். மார்கழிக் குளிரில் அவன் விரல்கள் வெளுத்துப்போவதை அவள் பார்த்திருக்கிறாள். முப்பத்தொரு வருஷம் கிரைண்டர் அதிர்ந்த கை. சட்டைப் பித்தானைப் போடத் திணறுவதையும் பார்த்திருக்கிறாள். சூடும் தெரியாது என்று அவன் சொன்னதில்லை, அவளும் கேட்டதில்லை. தண்ணீர் ஊற்றினாள். நல்ல கையாலேயே அவன் கையைத் திருப்பிப் பார்த்தாள். பிறகு, சரி, தண்ணி தெளிச்சுச் சத்தத்தைக் கேளுங்க என்றாள். காதும் அதே கதைதான் என்றான்.

செல்லாத்தாள் அவன் முகத்தைப் பார்த்தாள்.

"கண்ணு தெரியுமுங்களா?"

"அது தெரியும்."

அப்படியென்றால் கண்ணால் பாருங்கள் என்றாள். தண்ணீர் தெளித்தால் சொட்டு உட்கார்ந்து கொதித்தால் சூடு போதாது. விழுந்ததும் காணாமல் போனால் அதுதான் மாவு விடுகிற நேரம். முத்து முத்தாக உருண்டு ஓடினால் ஏறிப்போச்சு, அடுப்பைக் குறைத்து, ஈரத்துணியால் ஒரு துடை, அப்புறம் மாவு. அன்று முழுக்க அவன் தண்ணீர் தெளித்துப் பார்த்துக்கொண்டிருந்தான். இரும்பின் முகம் பார்த்துப் பழகினவன். அந்தப் பாடம் மட்டும் சீக்கிரம் ஏறியது.

சனிக்கிழமை மாவு அரைத்துச் சுட்டுப் பார்த்தார்கள். முதல் நாலு பிய்ந்தது. ஐந்தாவது பாதி வந்தது. பத்தாவது, நடுவில் ஒரு ஓட்டையோடு, ஒரே துண்டாக வந்தது. ஞாயிறு மறுபடி எண்ணெய். இதற்கு மேல் செய்ய ஒன்றுமில்லை.

திங்கட்கிழமை ஐந்தரை மணிக்குக் கடையைத் திறந்தார்கள். பத்து நாள் பூட்டிக் கிடந்த கடைக்குச் சனம் வருமா என்றிருந்தது. முதல் ஆளாகப் பொங்கியண்ணன் வந்தான். பவுண்டரியில் கந்தப்பனுக்குப் பக்கத்து மேஜையில் கிரைண்டர் பிடித்தவன், இப்போது வேறொரு கம்பெனியில் லோடு ஏற்றுகிறான். பின்னால் இன்னும் ஐந்தாறு பேர். ஜோஜோ சொல்லிச் சொல்லி விஷயம் ரோடு முழுக்கத் தெரிந்திருந்தது.

"கந்தப்பா, கல்லையே வெள்ளையாக்கிப்போட்டயாமா. எங்க ஊட்ல ஒரு எருமை இருக்குது, ஓட்டியாரட்டுமா?"

பெஞ்சு முழுக்கச் சிரித்தது. செல்லாத்தாளும் சிரித்தாள். கந்தப்பன் தண்ணீர் தெளித்தான், மாவை விட்டான். முதல் நாலும் பிய்ந்தது. செல்லாத்தாள் இடது கையாலேயே அந்தப் பிய்ச்சலை ஒரு தட்டில் அள்ளிப்போட்டு, மேலே சூடாகச் சாம்பாரைக் கவிழ்த்து, வெங்காயம் தூவிப் பொங்கியண்ணன் முன்னால் வைத்தாள். இது என்ன பலகாரம் என்று கேட்டான். தின்னுட்டுப் பேரு வைங்க அண்ணா என்றாள். தின்றுவிட்டு இன்னொரு தட்டுக் கேட்டான். இன்னொரு தட்டுக்குப் பிய்ச்சல் போதவில்லை. ஏனென்றால் அதற்குள் தோசை வர ஆரம்பித்திருந்தது.

எட்டு மணிக்கு ரமேஷ்குமார் பைக்கை நிறுத்திவிட்டு உள்ளே வந்தான். ராத்திரி ஷிப்டு விட்ட ஒடிசாக்காரப் பையன்கள் பெஞ்சில் நெருக்கி உட்கார்ந்திருந்தார்கள். அவன் உட்காரவில்லை. கட்டுப் போட்ட கையோடு ஸ்டூலில் இருக்கிற செல்லாத்தாளைப் பார்த்தான். கல்லுக்கு முன்னால் வேர்த்துக் கொட்டிக்கொண்டு நிற்கிற கந்தப்பனைப் பார்த்தான்.

கந்தப்பன் கண் ரமேஷ்குமார் மேலேயே இருந்தது. தண்ணீர் தெளிக்காமலே மாவை விட்டான். புகை குப்பென்று எழும்பியது. தோசைக்கரண்டியைக் கொடுத்தால் தோசை நகரவில்லை. நடு ஒட்டிக்கொண்டு ஓரம் சுருண்டது. சுரண்டினான். கரண்டி இரும்பில் உரசுகிற சத்தம் மட்டும் கேட்டது. ரமேஷ்குமார் பார்த்துக்கொண்டு நின்றான். பெஞ்சும் பார்த்தது.

பிரியாணிக்காரனுக்கு அறையைக் கொடுத்துவிடலாம் என்று செல்லாத்தாள் இப்போது சொன்னால், கேட்டுக்கொள்ளவேண்டியதுதான். கந்தப்பனுக்கு அது தெரியும். தரையைப் பார்த்துக்கொண்டு நின்றான்.

"அடுப்பைக் கொறைங்க" என்றாள் செல்லாத்தாள், பக்கத்து வீட்டுக்காரியிடம் உப்புக் கேட்கிற குரலில். "துணியால ஒரு துடை. தண்ணியைப் பாத்துப்போட்டு விடுங்க."

குறைத்தான். துடைத்தான். தெளித்தான். சொட்டு உருண்டு ஓடியது. இன்னொரு துடை. மறுபடி தெளித்தான். விழுந்த இடத்திலேயே காணாமல் போனது. நாலு கரண்டி மாவை நாலு இடத்தில் விட்டான், சுவரோர மூலையிலும் ஒன்று. பொறுத்துப் பார்த்தான். ஓரம் தானாகவே எழும்பி நின்றது. கரண்டியைக் கொடுத்ததும் நாலும் ஒன்றன்பின் ஒன்றாக வந்தன.

ரமேஷ்குமார் மெதுவாக, என்னக்கா முடிவு பண்ணியிருக்கீங்க என்று கேட்டான்.

"அறையைக் குடுக்கறதா இல்லீங்க தம்பி. கட்டுப் பிரிக்கற வரைக்கும் இவரு சுடுவாரு. பிரிச்சப்பறமும் நானும் இவரும் மாத்தி மாத்தி நிப்பம். கல்லு இப்ப நாலு தோசை எடுக்குது, முன்ன மூணுதான் எடுத்துது. எனக்கும் மூட்டு வலிக்குது." கொஞ்சம் நிறுத்திவிட்டுக் கந்தப்பன் பக்கம் திரும்பினாள். "கல்லைக் கழுவற வேலை மட்டும் என்னுது. ஒத்தைக் கையானாலும் என்னுது. இவரு தொடக்கூடாது."

பெஞ்சு மறுபடி சிரித்தது. ரமேஷ்குமாரும் சிரித்துக்கொண்டே, பிரியாணிக்காரனுக்குப் போன் போட வெளியே போனான். போகிறபோது தனக்கும் இரண்டு போடச் சொல்லிவிட்டுப் போனான்.

கந்தப்பன் தண்ணீரைத் தெளித்துப் பார்த்தான். இன்னும் கொஞ்சம் பொறுக்கலாம் என்று பட்டது. பொறுத்தான்.